கேள்வி மேடம் வரும் நாள்

என் வீட்டுக்காரருக்கு யார் மேலும் பொறாமை கிடையாது என்று கல்யாணமான நாளிலிருந்து எல்லாரிடமும் பீற்றிக்கொண்டிருந்தேன். எதிர் கடைக்காரர் மாடிமேல் மாடி கட்டினார். இவர் அண்ணாந்து பார்த்து, “நல்லாத்தான் கட்டியிருக்கார்” என்றார். கூடத் தொழில் கற்றவர் புது வேனைக் கொண்டுவந்து வாசலில் நிறுத்தியபோது டயரைத் தட்டிப் பார்த்துவிட்டு உள்ளே வந்து சாப்பிட உட்கார்ந்தார். அப்படிப்பட்ட மனுஷன் நாற்பத்தாறு வயதில், சொந்தத் தம்பியைப் பார்த்து வயிறெரிந்தார். தம்பி வீடு வாங்கவில்லை, பெரிய வேலைக்கும் போகவில்லை. ஒருவருடைய தாடையை உடைத்துவிட்டு, ஜெயிலுக்குப் போகாமல் வீட்டுக்கு வந்துவிட்டான். அவ்வளவுதான் அவன் செய்த குற்றம், இவர் கணக்கில்.

இவரை எங்கள் தெருவில் ஷட்டர்காரர் என்பார்கள். கடைகளுக்குப் போடும் இரும்புச் சுருள் கதவுகளைச் செய்வது, மாட்டுவது, பழுது பார்ப்பது இவர் தொழில். தெருக்கோடியில் தகரக் கூரை போட்ட பட்டறை. லாரிக்காரன் பின்பக்கம் எடுக்கும்போது இடித்து வளைத்த பட்டைகளை நிமிர்த்துவார். ஸ்பிரிங் தளர்ந்துபோய் ரெண்டு ஆள் சேர்ந்து தூக்க வேண்டிய ஷட்டரை ஒரு விரலில் மேலே போக வைப்பார். காலையில் கடைத்தெரு திறக்கிற சத்தத்தில் எந்த ஷட்டர் தன் கையால் மாட்டியது என்று யோசிக்காமல் சொல்லிவிடுவார் என்றெல்லாம் கதை விடமாட்டேன். அவருக்கு எல்லா ஷட்டரும் ஒரே சத்தம்தான். ஆனால் வேலை சுத்தமாக இருக்கும், சொன்ன நேரத்துக்குப் போய் நிற்பார்.

இந்தத் தொழிலுக்கு வருவதற்கு முன்னால் அவர் ஜெயிலில் இருந்தார். இருபத்திரண்டு வயதில் ஒரு லாரி ஷெட்டில் வேலை பார்த்தபோது, மேஸ்திரி எல்லார் எதிரிலும் கன்னத்தில் அறைந்தார். இவர் கையில் ஜாக்கி கம்பி இருந்தது. மேஸ்திரியின் கை உடைந்தது, இவருக்கு ரெண்டு வருஷம். உள்ளே இருந்தபோதுதான் அவருடைய அப்பா இறந்தார். இதெல்லாம் பெண் பார்க்க வந்த அன்றைக்கே எங்கள் வீட்டில் அவரே சொன்னது. அதற்குமேல் அவர் சொன்னதில்லை, நானும் தோண்டவில்லை. ஆறின புண்ணை எதற்குக் கிளற வேண்டும் என்று இருந்துவிட்டேன்.

ஆனால் கூடவே இருக்கிறவளுக்குச் சிலது கண்ணில் படாமல் போகுமா. சாத்தியிருக்கும் கதவுக்கு உள்ளே யாராவது இருந்தால் அவர் தட்டமாட்டார், தள்ளமாட்டார். பக்கத்தில் சுவரோரமாக நிற்பார். யாராவது திறந்தால்தான் உள்ளே வருவார். கல்யாணமான புதிதில் நான் அறைக்குள் துணி மடித்துக்கொண்டிருந்துவிட்டு வெளியே வந்தால், இந்த மனுஷன் கையைக் கட்டிக்கொண்டு நிற்பார். “கதவுல கைப்பிடி என்ன அழகுக்கா வச்சிருக்கு?” என்று கேலி செய்வேன். சிரித்துவிட்டு உள்ளே போவார். மறுநாளும் நிற்பார். கடைசியில் நானே எங்கள் வீட்டில் கதவு சாத்துகிற வழக்கத்தை விட்டுவிட்டேன். ஊருக்கெல்லாம் கதவு மாட்டுகிற ஆளின் வீட்டில் கதவு எப்போதும் திறந்தே கிடக்கும்.

தம்பியை நாங்கள் சின்னவன் என்போம். அண்ணனுக்கும் அவனுக்கும் பத்தொன்பது வயசு வித்தியாசம். அத்தை போனபிறகு என் கையில் சாப்பிட்டு வளர்ந்தவன். எங்களுக்குப் பிள்ளை இல்லாததால் செல்லம் கொஞ்சம் கூடுதல். கடைகளுக்குச் சரக்கு இறக்குகிற வேன் ஓட்டிக்கொண்டிருந்தான். ஒருநாள் குறுகலான சந்தில் வேனை நிறுத்தியதில் ஒரு பாத்திரக்கடைக்காரரோடு வாய்த்தகராறு. அவர் தள்ள, இவன் ஓங்கிக் குத்த, அவருக்குத் தாடை உடைந்து ரொம்ப நாள் கஞ்சி மட்டும் குடித்தார். கேஸ் நடந்தது. இவன் செய்தது குற்றம்தான் என்று நீதிபதி சொல்லிவிட்டார். தண்டனையைச் சொல்வதற்கு முன்னால், இவனைப் பற்றி வீட்டில் விசாரித்து அறிக்கை கொடுக்கும்படி நன்னடத்தை அலுவலரை அனுப்பினார்.

அந்த அம்மா நெடுநெடுவென்று உயரம். ஸ்கூட்டரில் வருவார், வெயிலோ மழையோ குடை ஒன்று கூடவே வரும், உட்கார்ந்ததும் அதை மடியில் வைத்துக்கொள்வார். அப்புறம் கேள்விதான். சின்னவன் எதுவரை படித்தான், ஏன் நிறுத்தினான், யாரோடு சேர்கிறான், குடிப்பானா, கோபம் வந்தால் வீட்டில் என்ன செய்வான், அவனுக்குப் பிடித்த சாப்பாடு என்ன என்பதுவரை. நான் தையல் மிஷினில் தலையணை உறை தைத்தபடியே பதில் சொன்னேன். அவருக்குக் கேள்வி மேடம் என்று பெயர் வைத்ததும் நான்தான்.

இவர் மூலை நாற்காலியில் உட்கார்ந்து எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தார். மேடம் அவரிடம் திரும்பினார்.

“நீங்களும் உள்ள இருந்தவர்னு கேள்விப்பட்டேன்.”

“இருந்தேன்.”

“அதுக்கப்புறம் உங்க மேல ஒரு புகார்கூட இல்ல. விசாரிச்சுட்டேன். தம்பியை உங்க வீட்டுல வச்சு, உங்க பட்டறையில வேலை கொடுத்து, நீங்க பொறுப்பேத்துக்கறதா இருந்தா, ஜெயில் வேண்டாம்னு நான் எழுத முடியும்.”

“வச்சுக்கறேன்” என்றார் இவர். பிறகு, “மேடம், இது புதுச் சட்டமா?” என்று கேட்டார்.

“இல்லையே. ரொம்பப் பழசு. நீங்க பொறக்கறதுக்கு முன்னாடியே வந்துடுச்சு.”

“அப்ப எனக்கும் இது...”

“முதல் தப்பு, சின்ன வயசு. கேட்டிருக்கலாம். உங்க வக்கீல் கேக்கலையா?”

“யாரும் எதுவும் கேக்கல” என்றார் இவர்.

மேடம் போனபிறகும் அவர் நாற்காலியை விட்டு எழவில்லை. புதுச் சட்டமாக இருந்திருந்தால் அவர் தாங்கியிருப்பார். நம் காலத்தில் ரோடு இல்லை, பாலம் இல்லை என்று சொல்வோமே, அந்த வரிசையில் இதையும் சேர்த்துவிட்டுப் போயிருப்பார். இருந்தது, தனக்கு மட்டும் கிடைக்கவில்லை என்று தெரிந்த அன்றுதான் அவருக்கு அந்த எரிச்சல் பிடித்தது. அன்று சாயங்காலம் பட்டறையிலிருந்து சம்மட்டிச் சத்தம் வழக்கத்தைவிடப் பலமாகக் கேட்டது.

கோர்ட்டில் சின்னவனை விட்டார்கள். விட்டார்கள் என்றால் சும்மா இல்லை. ரெண்டு வருஷம் அண்ணன் வீட்டில் இருக்க வேண்டும், அண்ணன் பட்டறையில் வேலை செய்ய வேண்டும், குடிக்கக் கூடாது, பாத்திரக்கடைச் சந்துப் பக்கம் தலைகாட்டக் கூடாது, மாதாமாதம் மேடம் வந்து பார்ப்பார். இதில் எது பிசகினாலும் திரும்பக் கூப்பிட்டு, உடைத்த தாடைக்கு உண்டான தண்டனையைக் கொடுப்பார்கள். நீதிபதி அவனிடம் தன்மையாகப் பேசினார். இளம் வயசு, ஒரு நிமிஷக் கோபத்துக்காக வாழ்க்கை கெட்டுப்போகக் கூடாது என்றார். எனக்குக் கண் கலங்கிவிட்டது. பக்கத்தில் பார்த்தால் இவர் முகம் கல்லாக இருந்தது. வெளியே வந்ததும் எங்களை விட்டுவிட்டு முன்னால் நடந்து போய்விட்டார்.

வீட்டில் நல்ல சாப்பாடாகச் சமைத்திருந்தேன். தட்டைக் கையால் அணைத்துக்கொண்டு, எப்போதும்போல மளமளவென்று சாப்பிட்டு முடித்தார் இவர். தண்ணீர் குடித்துவிட்டுச் சின்னவனைப் பார்த்துச் சொன்னார்.

“நான் கையை உடைச்சேன், ரெண்டு வருஷம். நீ தாடையை உடைச்சே, ஒண்ணுமில்ல. கையைவிடத் தாடை மட்டமா?”

சின்னவன் சிரித்தான். அண்ணன் ஜோக்கடிக்கிறார் என்று நினைத்தான்.

“ஒரு நாள்” என்றார் இவர். “ஒரே ஒரு நாளாவது உள்ள இருந்துட்டு வந்திருக்கலாம் நீ.”

சின்னவன் அதற்கும் சிரித்தான். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

அதற்கப்புறம் வீட்டில் நடந்ததைச் சொன்னால் நாற்பத்தாறு வயசு ஆள் செய்கிற காரியமா என்று கேட்பீர்கள். பட்டறையில் கனமான வேலையெல்லாம் சின்னவனுக்கு. உயரத்தில் ஏறி ஸ்பிரிங் முறுக்குவது அவன், ஷட்டர் ஏறி இறங்குகிற துருப்பிடித்த பக்கத் தண்டவாளத்தைச் சுரண்டிக் கிரீஸ் பூசுவது அவன். அவன் அதையும் விசிலடித்துக்கொண்டே செய்வான். அந்த விசிலைக் கேட்டால் இவருக்கு ஆகாது. “உள்ள போகாதவனுக்கு விசில் நல்லாத்தான் வரும்” என்று முணுமுணுப்பார். ஞாயிற்றுக்கிழமை சின்னவன் மூஞ்சியில் வெயில் அடிக்கும்வரை தூங்குவான். இவர் விடியுமுன்பே எழுந்து, அவன் படுக்கைக்குப் பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருப்பார். ஒருமுறை எனக்குப் பயமாகிவிட்டது, கையைப் பிடித்து இழுத்தேன்.

“என்னங்க, எழுப்பணும்னா எழுப்புங்க. எதுக்கு இப்படி நிக்கறீங்க?”

“எப்படித் தூங்கறான் பாரு” என்றார். அவர் குரலில் இருந்தது பாசம் இல்லை. கல்யாண வீட்டில் இன்னொருத்தியின் நகையைப் பார்க்கிற பெண்களிடம் அந்தக் குரலைக் கேட்டிருக்கிறேன்.

இதில் வேடிக்கை என்னவென்றால், கேள்வி மேடம் வரும் நாளுக்காக அந்த வீட்டில் அதிகம் காத்திருந்தவர் இவர்தான். மாதத்தின் முதல் சனிக்கிழமை அவர் வருவார். அன்று இவர் பட்டறைக்கு அரைநாள் லீவு விட்டு, தானே சட்டையைத் தேய்த்துப் போட்டுக்கொள்வார். மூலையில் இருந்த நாற்காலி மாதத்துக்கு மாதம் நகர்ந்து நகர்ந்து மேடத்துக்கு எதிரிலேயே வந்துவிட்டது. சின்னவன் பக்கவாட்டில் ஸ்டூலில் உட்கார வேண்டியதாயிற்று.

“ராத்திரி தூக்கம் எப்படி?” என்று மேடம் சின்னவனைக் கேட்பார்.

“வராது மேடம்” என்பார் இவர். “கண்ணை மூடினா இரும்புச் சத்தம் கேக்கும்.”

“பட்டறை ஞாபகமா இருக்கும். சாப்பாடு?”

“வேகமா சாப்பிட்டுடறது. யாராவது பிடுங்கிக்குவாங்களோன்னு.”

“வெளிய போக வர எப்படி?”

“நாலு பேர் இருக்கற இடம்னா படபடன்னு வரும். இருட்டப் போகுதுன்னா எல்லார் கண்ணுலயும் படற மாதிரி ஒரு இடத்துல உக்காரணும். இல்லன்னா மனசு கேக்காது.”

மேடம் தலையை ஆட்டி எழுதிக்கொள்வார். அண்ணன் பேசும்போது சின்னவன் குறுக்கே பேசமாட்டான், அது சின்ன வயசிலிருந்தே வந்த பழக்கம். மேடம் கிளம்பியதும் சமையலறைக்கு வந்து வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பான். “அண்ணி, நான் தூங்கறதே இல்லையாம். நேத்து என் குறட்டையில தெருப்பூனை ஓடிப்போச்சு.” நானும் சேர்ந்து சிரித்தேன். தம்பியை அழுமூஞ்சியாகக் காட்டி அந்த அம்மாவிடம் நல்ல பேர் வாங்கப் பார்க்கிறார் என்று நினைத்தேன். அவனை ஒரு டாக்டரிடம் காட்டும்படி மேடம் சீட்டு எழுதிக் கொடுத்தபோதும் சிரித்தோம். டாக்டர் நாடியைப் பார்த்து, கண்ணைப் பார்த்து, இவனுக்கு ஒன்றுமே இல்லை என்று அனுப்பிவிட்டார்.

சிரிப்பு நின்றது அடுத்த சனிக்கிழமை. மேடம் குடையை மடியில் வைக்கவில்லை, நின்றுகொண்டே பேசினார்.

“மாசாமாசம் நான் ஒரே விஷயத்தைத்தான் எழுதிட்டு வரேன். தூக்கம் இல்ல, பயம், படபடப்பு. டாக்டர் ஒண்ணுமில்லைங்கறார். அப்ப உடம்புல இல்ல, இந்த வீட்டுலதான் ஏதோ சரியில்ல. நான் அவசரப்பட்டு இந்த வீட்டைச் சொல்லிட்டேனோன்னு இருக்கு.”

“அதெல்லாம் இல்ல மேடம்” என்று நான் எழுந்தேன்.

“இருங்கம்மா. அடுத்த தடவை வந்து தம்பிகிட்ட தனியா பேசறேன். அப்பவும் இப்படியேன்னா கோர்ட்டுக்கு எழுதணும். வேற யாராவது பொறுப்பேத்துக்க முன்வரணும். உங்களுக்கு வேற சொந்தம் இல்லைன்னீங்க. ஆள் இல்லன்னா, தம்பியை வெளிய விட்டது சரியான்னு ஜட்ஜ் மறுபடி யோசிப்பார். உள்ள போகவும் வேண்டி வரலாம்.”

இவர் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

மறுநாள் மதியம் பட்டறைக்குச் சாப்பாடு எடுத்துப் போனேன். தெருவிலேயே சின்னவன் குரல் கேட்டது. அண்ணன் முன்னால் அவன் குரலை உயர்த்தி நான் கேட்டது அதுதான் முதல் தடவை.

“வேணும்னுதானே சொன்னே? நான் தூங்கல, நான் பயப்படறேன்னு எதுக்கு அந்தம்மாகிட்ட அளந்து விட்டே? உனக்கு நான் உள்ள போகணும். அதானே?”

இவர் கையிலிருந்த பட்டையைக் கீழே வைத்தார்.

“ஆமா” என்றார்.

சின்னவன் அந்தப் பதிலை எதிர்பார்க்கவில்லை.

“உன்னைப் பார்த்தா எனக்கு எரியுதுடா. நீ விசிலடிச்சா எரியுது. தூங்கினா எரியுது. ஒரு பொம்பளை குடையை எடுத்துட்டு வெயில்ல வந்து, நீ சாப்பிட்டியா, தூங்கினியான்னு கேட்டுட்டுப் போறாங்களே, அதைப் பார்த்தா வயிறு பத்திக்கிட்டு எரியுது. என்னை ஒரு நாய் கேக்கல. என்ன பண்ணச் சொல்றே?”

சாப்பாட்டுத் தூக்கைத் தரையில் வைத்துவிட்டு நான் நடுவில் போய் நின்றேன். எனக்கும் கோபம்தான். வளர்த்த பையனைத் தன் வாயாலேயே ஜெயிலுக்கு அனுப்பப் பார்க்கிற ஆளைப் பிடித்து உலுக்க வேண்டும்போல இருந்தது. உலுக்கவும் செய்தேன். அப்போதுதான், சட்டையைப் பிடித்த கை பிடித்தபடி இருக்க, எனக்கு உறைத்தது.

“என்னங்க, அந்தம்மா கேட்டது அவனைப் பத்தி. நீங்க யாரைப் பத்திச் சொன்னீங்க?”

அவர் என்னையே பார்த்தார். தெரிந்து செய்த ஆள் அப்படி விழிக்க மாட்டார்.

“தூக்கம் வராதது யாருக்கு? தட்டைக் கட்டிப்பிடிச்சுக்கிட்டுச் சாப்பிடறது யாரு? இருட்டற நேரத்துல கூடத்துல வந்து உக்கார்றது யாருங்க?”

“அவங்க கேட்டாங்க” என்றார் இவர். “கேட்டதும் வாயில வந்துடுச்சு.”

சின்னவன் திரும்பி நின்றுகொண்டான். பிறகு நான் சொன்னேன், அடுத்த தடவை மேடம் வரும்போது இதைச் சொல்லிவிடுங்கள், அவன் தப்பித்துவிடுவான். இவர் பட்டையை எடுத்து நிமிர்த்த ஆரம்பித்தார். எனக்கு அவரை நம்ப முடியவில்லை. வாயை மூடிக்கொண்டு சும்மா இருந்தாலே போதும், தம்பி உள்ளே இருக்க வேண்டும் என்று அவர் கேட்ட அந்த ஒரு நாள் கிடைத்துவிடும்.

அந்த மாதம் முழுக்க நான் சின்னவனை நச்சரித்தேன். நீயே மேடத்திடம் சொல்லேன், அது அண்ணனுக்குத்தான் என்று சொல்லேன். அவன் ஒரே பிடியாக மறுத்தான்.

“அண்ணனுக்குக் கிறுக்கு, அவரைப் பாருங்கன்னு அந்தம்மாகிட்ட நான் சொல்லணுமா? மாட்டேன் அண்ணி. சொல்றதா இருந்தா அவரே சொல்லட்டும்.”

“சொல்லலன்னா?”

“சொல்லலன்னா போறேன். அவர் இருந்த இடம்தானே.” விசில் அடிக்கிறவன் வாய் உலர்ந்துபோயிருந்தது.

சனிக்கிழமை வந்தது. இவர் சட்டையைத் தேய்க்கவில்லை. மேடம் வந்ததும் சின்னவனை அழைத்துக்கொண்டு உள் அறைக்குப் போனார். தனியாகப் பேச வேண்டும் என்று கதவைச் சாத்திக்கொண்டார். எங்கள் வீட்டில் அந்தக் கதவைச் சாத்திப் பல வருஷம் ஆகியிருந்தது, கீல் முனகியது.

இவர் கூடத்திலிருந்து எழுந்து வந்து கதவுக்குப் பக்கத்தில் சுவரோரமாக நின்றார். கையைக் கட்டிக்கொண்டார். நான் மிஷினை நிறுத்திவிட்டேன். உள்ளே மேடத்தின் குரல் கேட்டது, சின்னவன் குரல் கேட்கவில்லை. மேடம் மறுபடி எதையோ கேட்டார்.

இவர் என்னைப் பார்த்தார். வந்து திறந்துவிடு என்கிற பார்வை. கல்யாணமான நாளிலிருந்து எனக்குத் தெரிந்த பார்வை. நான் பாதி எழுந்தும்விட்டேன். ஆனால் நான் திறந்துவிட்டால் இவர் சும்மா உள்ளே போய் நிற்பார், வாய் திறக்காது என்று தோன்றியது. பாவம் என்று ஒரு பக்கம், உனக்கு நன்றாக வேண்டும் என்று ஒரு பக்கம். மிஷின் பலகையைப் பிடித்துக்கொண்டு மறுபடி உட்கார்ந்துவிட்டேன்.

உள்ளே நாற்காலி நகரும் சத்தம் கேட்டது. மேடம் எழுந்துவிட்டார்.

இவர் கட்டின கையை அவிழ்த்தார். கைப்பிடியைத் தொட்டார், எடுத்தார், மறுபடி பிடித்தார். தள்ளினார்.

“தூக்கம் வராதது எனக்கு மேடம்” என்றார் வாசலில் நின்றபடியே. “இவன் நல்லா தூங்குவான். பத்து மணிக்குப் படுத்தா இடி விழுந்தாலும் தெரியாது. நான் சொன்னதெல்லாம் என்னைப் பத்தி.”

மேடம் சின்னவனைப் பார்த்தார். அவன் தலையைக் குனிந்துகொண்டான்.

“ஆறு மாசமா என்கிட்ட உங்களைப் பத்தியா சொன்னீங்க?”

“நீங்க கேட்டீங்க.”

“நான் கேட்டது இவரை.”

“தெரியும் மேடம்.”

மேடத்துக்குக் கோபம் வந்தது, முகத்தில் தெரிந்தது. அவர் வேலையை இத்தனை மாதம் வீணாக்கியிருக்கிறோம், வராதா. பிறகு பேனாவை மூடினார்.

“உங்க கேஸ் முடிஞ்சு எத்தனையோ வருஷம் ஆச்சு. உங்களைப் பத்தி எழுத எனக்கு இடம் இல்ல.”

“எழுத வேண்டாம் மேடம்” என்றார் இவர். “கேளுங்க, போதும்.”

மேடம் கடிகாரத்தைப் பார்த்தார். இன்னும் ரெண்டு வீட்டுக்குப் போக வேண்டும் என்று வரும்போதே சொல்லியிருந்தார். நாற்காலியை இழுத்து உட்கார்ந்தார், குடையை மடியில் வைத்துக்கொண்டார்.

“உக்காருங்க. தூக்கம் எப்பலேர்ந்து இல்ல?”

“வெளிய வந்ததுலேர்ந்து.”

“உள்ள இருந்தப்ப?”

“அப்பவும் சரியா இல்ல, அப்பா போனதுலேர்ந்து. கதவுக்கு வெளிய நின்னு சொன்னாங்க. சொல்லிட்டு நடந்து போய்ட்டாங்க. நான் உள்ளயே நின்னேன்.”

“இப்ப தம்பி மேல கோபமா?”

“கோபம் இல்ல மேடம். பொறாமை.”

“இப்பவுமா?”

“இப்பவும்தான்” என்றார் இவர். சின்னவன் அங்கேயேதான் இருந்தான்.

வீட்டை மாற்றச் சொல்லி மேடம் கோர்ட்டுக்கு எழுதவில்லை. சின்னவன் நன்றாகத் தூங்குகிறான், வேலை செய்கிறான், இந்த வீடே போதும் என்று எழுதினார். அதற்குப் பிறகு வந்த சனிக்கிழமைகளிலும் முதலில் சின்னவனை விசாரிப்பார். அந்த வேலை முடிந்து பேனாவை மூடியபிறகு இவர் பக்கம் திரும்பி, “உங்களுக்கு?” என்பார். இவர் ரெண்டு வார்த்தை, மூன்று வார்த்தை சொல்வார். விசிலைக் கேட்டு முணுமுணுப்பது மட்டும் நிற்கவில்லை.

ரெண்டு வருஷமும் முடிந்தது. கடைசி நாளன்று மேடம் சின்னவனிடம், இனி நீ யாருக்கும் பதில் சொல்ல வேண்டியதில்லை என்றார். சின்னவன் குதிக்காத குறை. இவர் வாசல்வரை போய் ஸ்கூட்டர் தெரு திரும்பும்வரை பார்த்துக்கொண்டு நின்றார்.

அடுத்த மாதம் முதல் சனிக்கிழமை. யாரும் வரப்போவதில்லை என்று வீட்டில் எல்லாருக்கும் தெரியும். இவர் சட்டையைத் தேய்த்துப் போட்டுக்கொண்டு வழக்கமான நாற்காலியில் வந்து உட்கார்ந்தார். நான் மிஷினில் இருந்தேன். ஏதாவது சொன்னால் அழுதுவிடுவேனோ என்று பயந்து தைத்துக்கொண்டே இருந்தேன். சின்னவன் வெளியே கிளம்பிக்கொண்டிருந்தவன், அண்ணனைப் பார்த்துவிட்டு நின்றான். ஆணியில் மாட்டியிருந்த என் குடையை எடுத்து வந்து, எதிர் நாற்காலியில் உட்கார்ந்து, மடியில் வைத்துக்கொண்டான்.

“ராத்திரி தூக்கம் எப்படி?” என்றான், அந்த அம்மா மாதிரியே.

“போடா, போய் வேலையைப் பாரு.”

சின்னவன் எழவில்லை. “சாப்பாடு?”

“உதை வாங்கப் போறே.”

“தூக்கம் எப்படின்னு கேட்டேன். பதில் வரல.” இந்தத் தடவை அவன் மேடம் மாதிரிப் பேசவில்லை, அவன் குரலிலேயே கேட்டான்.

இவர் நாற்காலிக் கையைத் தேய்த்துக்கொண்டிருந்தார். அப்புறம் மெல்லச் சொன்னார். “அங்க ராத்திரி முழுக்க லைட்டு எரியும்டா. அணைக்கவே மாட்டாங்க. அந்த வெளிச்சத்துலதான் பழக்கமாச்சு. இருட்டாயிட்டா, எங்க இருக்கேன்னு தெரியாம முழிச்சுக்கிட்டே கிடப்பேன்.”

“அண்ணிகிட்ட சொல்ல வேண்டியதுதானே?”

“அவளுக்கு வெளிச்சம் இருந்தா தூக்கம் வராது.”

என் மிஷின் நின்றுவிட்டது. பதினெட்டு வருஷமாக அந்த விளக்கை அணைத்தது என் கைதான். அணைத்துவிட்டுத் திரும்பிப் படுத்தால் எனக்கு உடனே தூக்கம் வந்துவிடும்.

இப்போது நான் விளக்கை அணைப்பதில்லை. முந்தானையை முகத்தில் போட்டுக்கொண்டு படுக்கிறேன். அவர் கொஞ்சம் தூங்குகிறார். மாதத்தின் முதல் சனிக்கிழமை சின்னவன் குடையோடு வந்து உட்காருகிறான், இவர் திட்டிக்கொண்டே பேசுகிறார். மிஷினில் உட்கார்ந்து ஒவ்வொன்றாக நான் கேட்டுக்கொண்டிருக்கிறேன், எதுவும் எனக்குச் சொன்னது இல்லை. அன்று முழுக்கச் சின்னவனோடு நான் முகம் கொடுத்துப் பேசுவதில்லை. அவன் என்ன அண்ணி, என்ன அண்ணி என்று சுற்றி வருகிறான். பக்கத்திலேயே படுத்திருந்தவள் நான், கேட்டது அவன். எனக்கு எரிகிறது.